திதலை: ஒரு சொல்லும் மூன்று பாட்டும்

கோடுகள் இட்ட துணியை இந்தி பேசுவோர் ‘தாரீதார்’ என்பர். மராத்தியர் ‘பட்டேதார்’ என்பர். வங்காளியர் ‘டோராகாட்டா’ என்பர். இம்மொழிகளுக்கிடையே வளரும் நம் பிள்ளைகளை அழைத்து, இதற்குத் தமிழில் என்ன பெயர் என்று வினவினால், ‘கோடு போட்டது’ என்ற விடையே பெரும்பாலும் வரும். விடை பிழையன்று. ஆயினும் ‘வரி’ என்னும் சொல் அவர்தம் நாவில் எழுவதில்லை. வரி என்றதும் அவர்கள் நினைவுக்கு வருவன வருமான வரியும் வீட்டு வரியுமே. வரிக்குதிரை என்ற பெயரில் மட்டும் அதன் பழம்பொருள் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

வரியாவது ஏதோ ஒருவகையில் உயிரோடு உலவுகிறது. அதன் உறவுச் சொல் ஒன்று வழக்கிலிருந்து முற்றிலும் நீங்கி, சங்கப் பாடல்களிலும் அவற்றின் உரைகளிலும் மட்டுமே தங்கிவிட்டது. அதுவே ‘திதலை’. இச்சொல்லுக்கு நாம் கேட்டுப் பழகிய பொருள் ‘தேமல்’ என்பதாம். அப்பொருள் போதாது என்பதும், போதாத அப்பொருளைக் கொண்டு படிப்பதால் நம் இலக்கியத்தின் மிக அழகிய பாட்டுகள் சில ஒளி மங்கிப்போகின்றன என்பதும் நம் கருத்து. அதனை ஈண்டு சான்றுகளோடு ஆராய்வோம்.

வரியும் பொறியும்

முதற்கண் இச்சொல்லின் சுற்றத்தை அறிதல் வேண்டும். பழந்தமிழர் உயிர்களின் உடலிலும் பொருள்களின் மேற்பரப்பிலும் காணும் கோலங்களை மிக நுணுகி நோக்கினர். நோக்கியவற்றுக்குத் தனித்தனிப் பெயரும் இட்டனர். நீண்டு செல்லும் கோடு வரி. புலிக்குக் ‘கொடுவரி’ என்றே ஒரு பெயர் உண்டு; வளைந்த வரிகளை உடையது என்பது அதன் பொருள். பெரும்பாணாற்றுப்படை அணிலை அதன் முதுகு வரியால் சுட்டுகிறது. வரிதல் என்னும் வினைக்கு எழுதுதல், கோலமிடுதல், இறுகக் கட்டுதல் என்னும் பொருள்கள் உண்டு. ‘வரிந்து கட்டிக்கொண்டு நின்றான்’ என்று நாம் இன்றும் கூறுகிறோம் அன்றோ? கூரை வேயும்போது குறுக்கே வைத்துக் கட்டும் கழிக்கு வரிச்சு என்று பெயர். சிலப்பதிகாரத்தில் கானல்வரி, வேட்டுவவரி எனப் பாட்டுக்கும் வரி பெயராயிற்று. இவ்வாறு ஒரு சொல் கண்ணுக்குரிய கோட்டிலிருந்து கைத்தொழிலுக்கும் இசைக்கும் கிளைத்துச் சென்றது.

வரிக்கு அடுத்து நிற்பது ‘பொறி’. பொறித்தல் என்னும் வினையோடு உறவுடைய இச்சொல், ஒரு பரப்பில் பதிந்த அடையாளம் எதனையும் குறிக்கும். அது புள்ளியாகவும் இருக்கலாம், கோடாகவும் இருக்கலாம், மன்னர்தம் இலச்சினையாகவும் இருக்கலாம்.

மகளிர் மேனிக்குரியனவாகப் புலவர் கூறும் சொற்கள் வேறு சில. அவற்றுள் நாம் அடிக்கடி காண்பது ‘சுணங்கு’. சுணங்கு பெரும்பாலும் மார்பில் தோன்றுவதாகப் பாடப்படும்; அதற்கு வேங்கைப்பூ உவமையாகும். சிறுபாணாற்றுப்படையில் வண்டுகள் ஆரவாரிக்கும் சுணங்கைக் காண்கிறோம். அங்கே அது சிதறிக் கிடப்பதாகவே புலவர் கூறுகிறார். சிதறிக் கிடப்பது புள்ளியே அன்றிக் கோடாகாது. ஆகவே சுணங்கு பூந்துகள் தூவியது போன்ற புள்ளித் தோற்றம் எனத் தெளியலாம்.

திதலையோ சுணங்கு இருக்கும் இடத்தில் பெரும்பாலும் வருவதில்லை. அது அல்குலுக்கு அடையாக வருகிறது. வயிற்றுக்கு அடையாக வருகிறது. மாமை என்னும் மேனி நிறத்தோடு சேர்ந்தும் வருகிறது. அல்குல் என்பதற்கு உரைகாரர் பலவாறு பொருள் கூறுவர். இடையை அடுத்துக் கீழே அமைந்த பகுதி என்று கொள்வது இவ்வாராய்ச்சிக்குப் போதும். திதலையின் உறவாகத் தோன்றும் ‘தித்தி’ என்னும் சொல் குறுந்தொகை 293ஆம் பாட்டில் தொடைக்கு அடையாக நிற்கிறது. அங்கே ஆம்பல் தழையுடை அசைந்து அசைந்து அத்தொடையில் மோதுகிறது. எனவே இடை, வயிறு, தொடை ஆகியவையே இச்சொற்களுக்குரிய இடங்கள். இடவேறுபாடு இவ்வளவு தெளிவாக இருக்கையில், சுணங்கையும் திதலையையும் ஒரே பொருளுடையனவாகக் கொள்ளுதல் பொருந்தாது.

தேமல் என்னும் பொருள்

அகராதிகளும் உரைகளும் திதலை என்பதற்குத் தேமல் என்று பொருள் எழுதுகின்றன. சுணங்குக்கும் அதுவே பொருள். தித்திக்கும் அதுவே பொருள். மூன்று சொற்களுக்கு ஒரே பொருளை எழுதினால் மூன்றனுள் இரண்டு வீண் என்றாகும். பாட்டின் ஒவ்வொரு சொல்லையும் எண்ணி வைத்த புலவர்களுக்கு இது நாம் செய்யும் நீதியன்று.

உரையாசிரியர்கள் காலத்தில் தேமல் என்பது மேனிக்கு அழகு செய்யும் நிறப் புள்ளிகளையும் குறித்திருத்தல் வேண்டும். இன்று அதன் நிலை வேறு. தேமல் என்றால் தோலில் திட்டுத் திட்டாக வெளுத்துப் பரவும் ஒரு நோய் என்பதே எல்லார்க்கும் தெரிந்த பொருள். அதற்குக் களிம்பு வாங்கித் தடவுகிறோம். ஒரு பள்ளி மாணவி தன் பாட நூலின் அடிக்குறிப்பில் ‘திதலை - தேமல்’ என்று படிக்கும்போது, அவள் உள்ளத்தில் எழுவது நோயின் உருவமேயாம். தலைவியின் அழகைப் புலவர் எதற்காக நோயோடு சேர்த்துச் சொன்னார் என்று அவள் மயங்கினால், அக்குற்றம் அவளுடையதன்று. சொல்லின் பொருள் காலத்தால் இழிந்த பின்னும் பழைய குறிப்பையே நாம் திருப்பித் திருப்பி அச்சிட்டு வருவதால் விளையும் குற்றம் அது.

உ.வே. சாமிநாதையரின் பத்துப்பாட்டுப் பதிப்பு 1889இல் வெளிவந்தது. பின்னத்தூர் நாராயணசாமி ஐயர் உரையோடு நற்றிணை 1915இல் வந்தது. சாமிநாதையரின் குறுந்தொகை 1937இல் வந்தது. ஏடுகளைத் தேடி, பாடங்களை ஒப்பிட்டு, இருளில் கிடந்த செல்வங்களை வெளிக்கொணர்ந்த அச்சான்றோர்களுக்கு நாம் என்றும் கடப்பாடு உடையோம். அவர்கள் தம் காலத்தார்க்கு விளங்கும் சொல்லால் பொருள் எழுதினர். நம் காலத்தார்க்கு விளங்கும் சொல்லைத் தேடுவது நம் கடமை. அவர்கள் இட்ட வழியில் ஓர் அடி மேலே வைப்பதாகுமே தவிர, அது அவர்களை மறுப்பதாகாது.

உரைகல்லில் இழைத்த பொன்

திதலையின் உருவத்தை ஐயமறக் காட்டுவது திருமுருகாற்றுப்படையில் வரும் ஓர் உவமை. திருவாவினன்குடிப் பகுதியில், இறைவனைக் காண வரும் கூட்டத்தினருள் நோயறியா உடம்பும் மாந்தளிர் நிற மேனியும் கொண்ட மகளிரை நக்கீரர் வருணிக்கிறார். அவர்தம் திதலைக்கு அவர் கூறும் உவமை, பொன்னை உரைத்த உரை. பொற்கொல்லர் பொன்னின் மாற்றுக் காண உரைகல்லில் அதனைத் தேய்ப்பர். கல் கரியது, பொன் பட்ட இடத்தில் மெல்லிய ஒளிக்கீற்று ஒன்று நீண்டு பதியும். நகைக்கடையில் நின்ற தாய்மார் யாவரும் கண்ட காட்சியே இது. உரைகல்லில் பொன் புள்ளியாகப் படிவதில்லை, கோடாகவே படிகிறது. எனவே திதலை என்பது மேனியின் நிறத்தினும் வெளிறிய, மினுக்கம் உடைய, மெல்லிய கீற்று என்பது இவ்வுவமையால் பெறப்படும். சுணங்கிற்குப் பூவும் திதலைக்குப் பொன் உரையும் உவமையாக வருவதே, ஒன்று புள்ளி, மற்றொன்று கோடு என்பதைக் காட்டப் போதுமானது.

இரண்டாம் சான்று அகநானூற்று 227ஆம் பாட்டு. பிரிவுத் துயரால் தலைவியின் உடலில் நேர்ந்த மாற்றங்கள் அப்பாட்டின் தொடக்கத்தில் அடுக்கிச் சொல்லப்படுகின்றன. நெற்றி பசந்தது, தோள் மெலிந்தது என்ற வரிசையில், திதலையுடைய அல்குலின் வரிகளும் வாடின என்று வருகிறது. திதலையும் வரியும் இங்கே அருகருகே நிற்கின்றன. வாடியவை வரிகள் என்றே புலவர் வெளிப்படையாகக் கூறிவிட்டார். நற்றிணை 370ஆம் பாட்டிலும் வரி என்னும் சொல் திதலைக்கு முன்னே அடைமொழியாக நிற்கிறது. அப்பாட்டைப் பின்னர் விரிவாகக் காண்போம்.

இதற்கு ஒரு தடை எழுதல் கூடும். நற்றிணை 133ஆம் பாட்டில் திதலையோடு பொறி என்னும் சொல் சேர்ந்து வருகிறது. பொறி புள்ளியாகலின் திதலையும் புள்ளியே என்று வாதிடலாம். பொறி என்பது பதிந்த அடையாளம் எதற்கும் பொதுவான சொல் என்பதை மேலே கண்டோம். பொதுச்சொல் சிறப்புச்சொல்லின் பொருளை மாற்றாது. ஆதலின் அத்தடை நில்லாது.

குறுமகளும் தாயும்

வலிய தடை வேறொன்று உண்டு. திதலை வயிற்றுக்கு அடையாக வரும் இடத்தில் அது மகப்பேற்றால் விளைந்த வரி என்பது தெளிவாகத் தெரிகிறது. ஆயின் மகப்பேறு அறியாத இளம்பெண்களுக்கும் புலவர்கள் திதலையைக் கூறுகின்றனர். நற்றிணை 6ஆம் பாட்டில் பரணர் திதலை உடையவளாகப் பாடுபவள் ஒரு குறுமகள். தலைவன் கண்டு காதலித்த இளையவள். ஐங்குறுநூறு 72ஆம் பாட்டில் ஆம்பல் தழையுடை உடுத்த பெண்ணுக்கும் திதலை உண்டு. தாய்க்கும் உரியது, கன்னிக்கும் உரியது என்றால், அது எத்தகைய வரி?

மருத்துவர் கூறும் செய்தி ஒன்று இம்முடிச்சை அவிழ்க்க உதவுகிறது. உடல் விரைந்து வளரும்போதோ பருக்கும்போதோ, தோலின் உள்ளடுக்கிலுள்ள இழைகள் அவ்விரைவுக்கு ஈடுகொடுக்க இயலாது விலகும். விலகிய இடம் கோடு கோடாகத் தெரியும். முதலில் சிவந்தோ கருத்தோ தோன்றும் அக்கோடுகள் நாளடைவில் வெளிறி, பளபளப்புடைய கீற்றுகளாகும். மகளிர்க்கு இது வாழ்வில் இருமுறை பெரும்பாலும் நேர்கிறது. பூப்பெய்தி உடல் வளரும் பருவத்தில் இடுப்பிலும் தொடையிலும் மார்பிலும் வரிகள் தோன்றும். கருவுற்ற காலத்தில் வயிற்றில் தோன்றும். இப்போது பாட்டுகளுக்குத் திரும்பி நோக்குக. குறுமகளுக்குத் திதலை இடையின் கீழே. தழையுடுத்தவளுக்குத் தித்தி தொடையில். மகப்பெற்றவளுக்குத் திதலை வயிற்றில். புலவர்கள் வாளா அடைமொழி அடுக்கவில்லை. கண்டதையே சொன்னார்கள்.

சங்கப் புலவரை மருத்துவராக்க நாம் முயலவில்லை. அகப்பாட்டு மரபு சார்ந்தது. அதில் அடைமொழிகள் வழக்காறாகத் தொடர்ந்து வருவதும் உண்டு. நாம் கூறுவது இவ்வளவே: பெண்ணுடல் வளர்ந்ததன் அடையாளமாக நிற்கும் வரி எதற்கும் பழந்தமிழில் ஒரு பெயர் இருந்தது. கன்னியை மகளாக்கிய வளர்ச்சிக்கும், மகளைத் தாயாக்கிய வளர்ச்சிக்கும் அதே பெயர் வழங்கிற்று. அப்பெயர் அழகுக்குரிய பெயராகவே வழங்கிற்று.

மனைவியின் வயிற்றில் குவளை

இப்பொருளோடு நற்றிணை 370ஆம் பாட்டைப் படிப்போம். பாடியவர் உறையூர்க் கதுவாய்ச் சாத்தனார். தலைவி ஊடியிருக்கிறாள், ஊடல் நீள்கிறது. தலைவன் தன் பாணனை அருகழைத்து, வா, சிரிப்போம் என்று தொடங்கி, முன்பு நடந்த ஒரு நிகழ்ச்சியை நினைவு கூர்கிறான். தலைவி முதற்சூலை ஈன்று குடிக்கு விளக்கம் தந்த நேரம் அது. நெய்யும் வெண்சிறுகடுகும் விளங்கும் மனையில் அவள் களைத்துக் கிடக்கிறாள். அவன் அருகில் செல்கிறான். மகனைப் பெற்றதனால் உன் பெயரே மாறிவிட்டது. வரிகள் பொருந்திய திதலையோடு முதுபெண்டாகிவிட்டாய். உறங்குகின்றாயோ என்று கேட்கிறான். கேட்டுக்கொண்டே அவள் வயிற்றைக் குவளை மலரால் மெல்லத் தொடுகிறான். அவள் அவனைப் பார்த்து, அரும்பு நாணும்படி முறுவலித்து, கண்களைக் கையால் மூடிக்கொள்கிறாள்.

இங்கே திதலை என்பதற்குத் தேமல் என்று மட்டும் பொருள் கொண்டால் என்ன ஆகும்? மகப்பேற்றுக்கும் தேமலுக்கும் தொடர்பு இல்லை. தலைவன் கூற்றில் அச்சொல் வெறும் அடைமொழியாக நின்று ஒழியும். பெயர் மாறியது, முதுபெண்டானாய் என்னும் இரண்டிற்கும் நடுவே அச்சொல்லை வைத்த காரணம் விளங்காமற் போகும். வரி என்று கொண்டால் மூன்றும் ஒரே காரணத்தில் வந்து கூடுகின்றன. மகனை ஈன்றதனால் பெயர் மாறிற்று. மகனை ஈன்றதனால் வயிற்றில் வரி விழுந்தது. ஆகவே நீ முதியவள் என்று கேலி செய்கிறான். அக்கேலிக்கு அவன் காட்டும் கண்கண்ட சான்று திதலையே. அவன் தொடும் இடமும் வயிறே. சொன்ன சொல்லும் தொட்ட மலரும் ஓரிடத்தில் படுகின்றன. பாட்டின் கட்டமைப்பு முழுவதும் அந்த ஒரு சொல்லைச் சுற்றியே அமைந்துள்ளது.

இன்னொரு நுட்பமும் உண்டு. வரி என்பதன் முன்னே புலவர் ‘அம்’ என்னும் சொல்லை வைத்திருக்கிறார். அம் என்பது அழகு. முதுபெண்டு என்று வாயால் கேலி செய்கின்றவன், அக்கேலிக்குள்ளேயே அவள் வயிற்று வரிகளை அழகியவை என்று ஒப்புக்கொண்டுவிடுகிறான். அவள் சினவாமல் முறுவலித்ததன் காரணம் அதுவே என்று நாம் கருதுகிறோம். தன்னை முதியவள் என்றான் என்பதை மட்டும் அவள் கேட்டிருந்தால் அந்த நாணமும் அந்தச் சிரிப்பும் தோன்றியிரா. தன் உடல் மாறிவிட்டதே என்று மகப்பெற்ற பெண்ணுக்கு எழும் அச்சத்தை ஒரு மலரால் தொட்டுத் தீர்த்த பாட்டு இது.

மணப்பந்தலில் நால்வர்

நற்றிணைப் பாட்டு இருவர்க்கிடையே நிகழ்ந்தது. ஊரார் கூடிய அவையில் திதலை பெற்ற மதிப்பை அறிய அகநானூறு 86ஆம் பாட்டைக் காணவேண்டும். நல்லாவூர் கிழார் பாடிய அப்பாட்டு, பழந்தமிழர் திருமண முறையை விளக்கும் சான்றாக எல்லா நூல்களிலும் எடுத்துக்காட்டப்படுகிறது. நம் சங்க மேடைகளிலும் ஆண்டுதோறும் யாரேனும் ஒருவர் அதனைச் சொல்லக் கேட்கிறோம். உழுந்து சேர்த்த களியும், மணல் பரப்பிய பந்தலும், மனை விளக்கும், தலையில் குடம் ஏந்திய முதுமகளிரும் எல்லார் நினைவிலும் நிற்கின்றனர். மணமகளை நீராட்டி வாழ்த்தும் மகளிர் நால்வரும் நினைவில் நிற்கின்றனர். அந்நால்வர்க்கும் புலவர் தரும் அடையாளம் மட்டும் யார் கண்ணிலும் படுவதில்லை. மகனைப் பெற்ற, திதலையுடைய அழகிய வயிற்றினர் என்று அவர் பாடுகிறார்.

எண்ணிப் பார்க்க. மணமகளுக்கு நீர் சொரிந்து, கற்பினின்று வழுவாது கணவன் விரும்பும் துணையாகுக என்று வாழ்த்தும் உரிமை யாருக்கு வழங்கப்பட்டது? செல்வர்க்கு என்றோ உயர்குடியினர்க்கு என்றோ புலவர் கூறவில்லை. வயிற்றில் வரி பெற்றவர்க்கு என்கிறார். அவ்வரி ஒரு தகுதிச் சான்றாக நிற்கிறது. வயிற்றுக்கும் ‘அம்’ என்னும் அழகுச் சொல்லையே அடையாக்குகிறார். நற்றிணையில் வரி அழகியது; அகநானூற்றில் வயிறு அழகியது. இரு புலவரும் ஒரே பார்வை உடையவர்.

இவ்விடத்தில் ஒருபாற் கோடாது நோக்குவதும் திறனாய்வின் கடமை. இப்பாட்டு பெருமைப்படுத்துவது மகனைப் பெற்றவர்களை. மகளைப் பெற்றவரை அது பேசவில்லை. மகப்பேறே இல்லாத மகளிர்க்கு அந்நால்வரில் இடம் இல்லை. பெண்ணின் பெருமையைப் பிள்ளைப்பேற்றோடு பிணைத்த ஒரு சமுதாயத்தின் வரம்பு இது. இதனை மூடிமறைத்துப் பழம்பெருமை மட்டும் பேசுதல் நமக்குத் தகாது. மேலும் நற்றிணைப் பாட்டிலும் அகநானூற்றுப் பாட்டிலும் பேசுபவன் தலைவனே. அங்கே ஊடிய மனைவியை நினைந்து பேசுகிறான். இங்கே வாயில் மறுத்த தோழியிடம் பேசுகிறான். இரண்டிடத்தும் அவன் ஒன்றைப் பெற வேண்டி நிற்கிறான். வேண்டி நிற்பவன் வாயில் புகழுரை எளிதில் வரும். எனவே திதலையின் அழகைப் பெண்ணே சொல்லக் கேட்டாலன்றி நம் ஆராய்ச்சி நிறைவுறாது.

வெள்ளிவீதியார் குரல்

நற்பேறாக அக்குரலும் நமக்குக் கிடைத்திருக்கிறது. குறுந்தொகை 27ஆம் பாட்டைப் பாடியவர் வெள்ளிவீதியார் என்னும் பெண்பாற் புலவர். பாட்டின் கூற்றும் தலைவியின் கூற்று. நல்ல பசுவின் பால், கன்றும் குடிக்காமல் கலத்திலும் விழாமல் மண்ணில் சிந்திப்போனது போல, தன் அழகு தனக்கும் ஆகாமல் தலைவனுக்கும் உதவாமல் பசலைக்கு உணவாகிறது என்று அவள் வருந்துகிறாள். அவ்வழகு எது என்று சொல்லும்போது, திதலையையும் மாமையையும் சேர்த்துச் சொல்கிறாள்.

இப்பாட்டு நம் ஆராய்ச்சிக்கு இருவகையில் துணை செய்கிறது. முதலாவது, திதலை வெளிறிய நிறமாதலின் அதுவும் பசலை போன்றதொரு வெளுப்பே என்று கொள்வார்க்கு இது விடை. இங்கே பசலை உண்பது. திதலையுடைய மேனியழகு உண்ணப்படுவது. உண்பதும் உண்ணப்படுவதும் ஒன்றாதல் இயலாது. பசலை மேனி முழுதும் பரவும் நோய். திதலை மேனிக்கு உரிய அழகு. அகநானூற்று 227ஆம் பாட்டில் நெற்றி பசந்தபோது வரிகள் வாடியதாகக் கூறியதும் இதற்கு அரணாகும்.

இரண்டாவது இன்னும் பெரிது. அவ்வழகை அவள் ‘என்’ அழகு என்கிறாள். தலைவன் புகழ்ந்ததனால் அது அழகாகவில்லை. பிள்ளை பெற்றதனாலும் அது பெருமை பெறவில்லை. பிள்ளைப்பேற்றுக்கு முன்பே, தலைவன் அருகில் இல்லாதபோதே, தன் உடலில் எழுந்த வரியைத் தன் அழகென்று அவள் அறிந்திருக்கிறாள். தனக்கும் ஆகவில்லை என்று முதலில் தன்னைச் சொல்லிப் பின்னரே தலைவனைச் சொல்கிறாள். அவ்வரிசையும் கருதத்தக்கது.

தழும்பும் திதலையும்

இன்று இவ்வரிகளுக்கு நம் வழக்கிலுள்ள பெயர் யாது? பிரசவத் தழும்பு என்கிறோம். தழும்பு என்பது புண் ஆறிய வடு. வடு என்றால் மறைக்க வேண்டும், மாற்ற வேண்டும் என்னும் எண்ணம் சொல்லோடு சேர்ந்தே வருகிறது. அதனை மாற்றுவதாகச் சொல்லும் எண்ணெய்களும் களிம்புகளும் எல்லா மொழிகளிலும் விளம்பரமாகின்றன. பூசுவதும் பூசாததும் அவரவர் விருப்பம். அதில் நாம் தலையிடவில்லை. ஆனால் தன் உடலை நோக்கும் ஓர் இளந்தாய்க்கு நம் மொழி வடுவைக் குறிக்கும் சொல்லை மட்டும் கொடுத்து நிறுத்திவிடுகிறது என்பது வருந்தத்தக்கது. அழகைக் குறிக்கும் சொல்லும் இதே மொழியில் இருந்தது, நெடுங்காலம் வாழ்ந்தது, மணப்பந்தலில் எல்லார் முன்னிலையிலும் மதிக்கப்பட்டது.

தமிழகத்திற்கு வெளியே வாழும் குடும்பங்களுக்கு இது மேலும் பொருளுடையது. மகப்பேற்றுக்குத் தாய்வீடு செல்ல இயலாமல், அயல்மொழி பேசும் மருத்துவமனையில் பிள்ளை பெற்று, பாட்டியும் அத்தையும் அருகில் இல்லாது தனித்திருக்கும் பெண்கள் நம்மிடையே பலர். மூத்தோர் வாய்மொழியாகத் தரவேண்டிய ஆறுதல் அவர்களுக்குக் கிடைப்பதில்லை. அந்நால்வர் செய்த பணியை இங்கே யாரேனும் செய்தல் வேண்டும். பழைய பாட்டு ஒன்றை அதன் உண்மைப் பொருளோடு எடுத்துச் சொல்வதும் அப்பணியின் ஒரு பகுதியே.

வழக்கொழிந்த சொல்லை வலிந்து புகுத்த முடியாது என்பதை நாம் அறிவோம். செய்யக்கூடியவை இரண்டு உண்டு. சங்கப் பாடல்களுக்கு இனி எழுதும் குறிப்புகளில், ‘திதலை - உடல் வளர்ச்சியாலும் மகப்பேற்றாலும் மேனியில் தோன்றும் பொன்னிற வரி’ என்று பொருள் எழுதலாம். சங்கத்தின் தமிழ் வகுப்புகளில் அகநானூற்றுத் திருமணப் பாட்டைக் கற்பிக்கும்போது, களியையும் பந்தலையும் சொல்லி நிறுத்தாமல், மணமகளை வாழ்த்திய நால்வர் யார் என்பதையும் சொல்லலாம். அவ்வகுப்பில் அமர்ந்திருக்கும் சிறுமி, வீட்டுக்குச் சென்று தன் தாயிடம் அச்சொல்லைச் சொன்னால், அதுவே திதலை மீண்டும் வழக்குக்கு வந்த நாளாகும்.